மூக்கர் "போகலாம்" என்றால் போகலாம்

உர ஆலையில் அவருக்கு ஒரு பெயர் இருந்தது. சம்பளச் சீட்டில் மட்டும் அது அச்சாகும். மற்றபடி வாசல் காவலாளியிலிருந்து ஜெனரல் மேனேஜர் வரை எல்லோருக்கும் அவர் மூக்கர்தான். மூக்கு ஒன்றும் பெரிதில்லை. கடைத்தெருவில் எதிரே வருகிற பத்துப் பேரில் எட்டுப் பேருக்கு இருக்கக்கூடிய சாதாரண மூக்கு. ஆனால் அதை அவர் சுமந்துகொண்டு நடந்த விதம் இருக்கிறதே, கிரீடத்தைத் தலையில் வைக்க இடமில்லாமல் முகத்தின் நடுவில் மாட்டிக்கொண்டவர் போல இருக்கும்.

இந்தக் கிரீடம் அவருக்கு வந்தது தூக்கத்தில். இளவட்டமாக ஆலையில் சேர்ந்த புதிதில், கம்ப்ரஸர் கூடத்தின் மூலையில் ஒரு கதகதப்பான இடத்தைக் கண்டுபிடித்து வைத்திருந்தார். மதியச் சாப்பாடு முடிந்ததும் குழாய்களுக்குப் பின்னால் போய்ப் படுத்துவிடுவார். ஒருநாள் தலைக்கு மேலே இருந்த அமோனியாக் குழாயின் இணைப்பு கசிய ஆரம்பித்தது. கண்ணும் மூக்கும் எரிய, "ஐயோ நாத்தம், ஐயோ நாத்தம்" என்று அலறிக்கொண்டு வெளியே ஓடி வந்தவர், சுற்றிப் பார்க்க வந்த அன்றைய மேனேஜர் மேலேயே போய் மோதினார். கசிவைத் தேடிப் பிடித்து அடைத்தார்கள். விட்டிருந்தால் கூடமே தாங்கியிருக்காது என்று எல்லோரும் பேசிக்கொண்டார்கள்.

"இத்தனை பேர் இருந்தோம், ஒருத்தருக்கும் தெரியலை. உனக்கு மட்டும் எப்படிப்பா தெரிஞ்சது?" என்று மேனேஜர் கேட்டார்.

தூங்கிக்கொண்டிருந்தேன் என்று சொன்னால் வேலை போகும். "எனக்கு மூக்கு கொஞ்சம் கூர்மை சார்" என்றார். பழம் நழுவிப் பாலில் விழுந்தது. பாதுகாப்புப் பிரிவுக்கு மாற்றல், பச்சைத் தொப்பி, உணவுக்கூடச் சுவரில் சட்டம் போட்ட புகைப்படம். எங்கே பழுது பார்க்க வேண்டியிருந்தாலும் முதலில் அவர் போய் மோந்து பார்த்து "போகலாம்" என்று சொல்ல வேண்டும். அதன் பிறகுதான் மற்றவர்கள் உள்ளே காலெடுத்து வைக்கலாம். அந்த ஒரு சொல்லுக்காகவே அவருக்குச் சம்பளம்.

சும்மா சொல்லக் கூடாது, அந்தக் காலத்தில் மூக்கு நன்றாகத்தான் வேலை செய்தது. எல்லோருக்கும் செய்தது போல.

ஆலையின் தொழில் என்னவென்றால், காற்றைப் பிடித்து மூட்டை கட்டி விற்பது. பார்வையாளர்கள் வந்தால் அதை விளக்கிச் சொல்கிற பொறுப்பும் காலப்போக்கில் மூக்கரிடமே வந்து சேர்ந்தது. வேறு யாருக்கும் அதற்குப் பொறுமை இல்லை. அவருக்கோ அதில்தான் உயிர்.

"நம்மளைச் சுத்தி இருக்கிற காத்துல முக்காவாசிக்கு மேல நைட்ரஜன்தாங்க" என்று ஆரம்பிப்பார். "பயிருக்கு அதுதான் சாப்பாடு. ஆனா காத்துல இருக்கிற மாதிரியே கொடுத்தா அதுக்குச் சாப்பிடத் தெரியாது. இந்த நைட்ரஜன் இருக்குதே, பெரிய இடத்துப் பிள்ளை. யார் வந்து நின்னாலும் திரும்பிப் பாக்காது. அதை வளைச்சுப் போட்டு ஹைட்ரஜனுக்குக் கட்டி வைக்கணும். ஹைட்ரஜன் எங்க இருந்து வருது? இயற்கை எரிவாயுவில இருந்து. முதல்ல அந்த வாயுவுல இருக்கிற கந்தகத்தை எடுத்துடுவோம். அப்புறம் நீராவியோட கலந்து உலைக்குள்ள குழாய் குழாயா விட்டுச் சுட்டா ஹைட்ரஜன் பிரிஞ்சு வரும். பொண்ணு ரெடி. கொஞ்சம் காத்தை உள்ள விட்டா அதுல இருக்கிற ஆக்ஸிஜன் எரிஞ்சு போய், மாப்பிள்ளை மட்டும் மிச்சம் நிப்பார்."

இந்த இடத்தில் பார்வையாளர்கள் சிரிக்க வேண்டும். சிரிக்கும்வரை காத்திருப்பார்.

"ரெண்டு பேரையும் ஒரே பாத்திரத்துல விட்டா ஒட்டிக்குமா? ஒட்டாது. அதனால சொந்தக்காரங்க எல்லாரும் சேந்து கொடுக்கிற மாதிரி ஒரு அழுத்தம் கொடுப்போம். லாரி டயர்ல இருக்கிறதை விட இருபது மடங்கு. கூடவே சூடு. அதுக்கும் மேல நடுவுல ஒரு தரகர் வேணும். அவர்தான் இரும்பு. ஜோடியைச் சேத்து வச்சுட்டு, தான் மட்டும் அப்படியே உக்காந்திருப்பார். கந்தகம் பட்டா மட்டும் தரகர் படுத்துடுவார். அதனாலதான் முன்னாடியே அதை எடுத்துடறது. இவ்வளவு பண்ணியும் ஒரு சுத்துல கொஞ்சம்தான் சேரும். சேந்ததைக் குளிர வச்சா அமோனியா தண்ணி மாதிரி இறங்கிடும். சேராததைத் திரும்பவும் சுத்துக்கு அனுப்பிடுவோம். பொண்ணு பாக்குற படலம் முடியவே முடியாது!"

அப்புறம் எல்லோரையும் அழைத்துக்கொண்டு உயரமான கோபுரத்தடிக்குப் போவார். ஹைட்ரஜன் எடுக்கும்போதே பிரித்து வைத்த கரியமில வாயுவையும் அமோனியாவையும் மறுபடி அழுத்திச் சேர்த்தால் யூரியாக் குழம்பு கிடைக்கிறது. அதைத் தண்ணீர் வற்றக் காய்ச்சிக் கோபுரத்தின் உச்சியிலிருந்து மழையாகத் தெளித்தால், கீழேயிருந்து ஏறுகிற காற்றில் துளித்துளியாக இறுகி, தரையைத் தொடும்போது வெள்ளை மணியாகிவிடும். அந்த மணியைக் கையில் அள்ளிக் காட்டும்போது மூக்கரின் முகத்தைப் பார்க்க வேண்டும். கோபுரத்தையும் அவர்தான் கட்டினார், காற்றையும் அவர்தான் பெற்றார் என்று தோன்றும்.

அப்போதிருந்த ஜெனரல் மேனேஜருக்குத் தொழிலாளர்கள் வைத்த பெயர் டார்கெட். நல்லது கெட்டது எதைச் சொன்னாலும் "டார்கெட் என்ன ஆச்சு?" என்று கேட்பார். ஒருவர் தாய் இறந்ததற்கு லீவு கேட்டபோதும் அதையே கேட்டார் என்பார்கள். அவருக்கு மூக்கரை ரொம்பப் பிடிக்கும். காரணம் இருந்தது.

அமோனியா கசிந்தால் கண்டுபிடிக்கிற கருவிகள் ஸ்டோர் அறையில் பெட்டி பிரிக்காமல் கிடந்தன. தலைமை அலுவலகம் எப்போதோ வாங்கி அனுப்பியவை. டார்கெட் அவற்றைப் பொருத்த விடவில்லை. கருவிக்கு நேரங்காலம் தெரியாது. மாதக் கடைசி, உற்பத்தி குறைவு, மேலிடத்தில் கேள்வி கேட்பார்கள் என்றெல்லாம் அது பார்க்காது. கசிந்தால் கத்தும். கத்தினால் நிறுத்த வேண்டும். மூக்குக்கு அப்படியில்லை.

"என்ன மூக்கரே, இன்னைக்குக் காத்து நல்லாத்தானே இருக்கு?" என்று மாதக் கடைசியில் டார்கெட் தோளில் கை போட்டுக்கொண்டு கேட்பார்.

"அருமையா இருக்கு சார்" என்பார் மூக்கர்.

நடுமாதத்தில் எறும்பு தும்மினாலும் மோப்பம் பிடிக்கிற மூக்கு, மாதக் கடைசியில் மல்லாந்து படுத்துவிடும். அப்படிப்பட்ட பண்பட்ட மூக்கு எந்தக் கடையில் கிடைக்கும்?

அந்த மூக்குதான் ஒரு மழைக்காலத்தில் செத்துப்போனது. ஊரெல்லாம் சுற்றிய காய்ச்சல் அவருக்கும் வந்தது. காய்ச்சல் போகும்போது வாசனையையும் கூட்டிக்கொண்டு போய்விட்டது. அவருக்கே அது தெரியாது. அடுப்பில் பால் தீய்ந்து வீடே புகையாக இருந்தபோது, அடுப்புக்குப் பக்கத்திலேயே உட்கார்ந்து செய்தித்தாள் படித்துக்கொண்டிருந்தார். ஆலையின் முதலுதவி அறையில் நர்ஸாக இருக்கும் அவருடைய மனைவி குளியலறையிலிருந்து ஈரத்தலையோடு ஓடி வந்தாள்.

"என்னங்க, பக்கத்துலயே உக்காந்திருக்கீங்க, நாத்தம் தெரியலையா?"

"தெரியுது தெரியுது. நீ வந்து பாத்துப்பேன்னு விட்டுட்டேன்."

அவள் நர்ஸ். உள்ளே போய் ஒரு வெங்காயத்தை நறுக்கி, அவரைக் கண்ணை மூடச் சொல்லி மூக்கடியில் நீட்டினாள். "ஆரஞ்சு" என்றார் மூக்கர் நம்பிக்கையோடு. சோப்பை நீட்டினாள். அதற்கும் ஏதோ பழத்தின் பெயர் சொன்னார். மண்ணெண்ணெய்ப் போத்தலைத் திறந்து நீட்டியபோது இரண்டு தடவை இழுத்துப் பார்த்துவிட்டு, "இப்ப நீ ஒண்ணும் காட்டலைதானே?" என்று கேட்டார்.

"நாளைக்கே போய் மேனேஜர்கிட்டச் சொல்லிடுங்க" என்றாள் அவள்.

"சொல்றேன்."

"நாளைக்கே."

"சொல்றேன்னு சொன்னேன்ல? மூக்குதான் போச்சு, வாய் இருக்கு."

நாளை வந்தது. மறுநாளும் வந்தது. அவள் கேட்கும்போதெல்லாம் டார்கெட் வெளியூரில் இருந்தார், அல்லது மீட்டிங்கில் இருந்தார், அல்லது நல்ல மனநிலையில் இல்லை. மூக்கரின் கவலையை நாமும் புரிந்துகொள்ள வேண்டும். மற்றவர்களுக்கு மூக்குப் போனால் மூக்குத்தான் போகும். இவருக்குப் பெயரே போகும்.

அவளுடைய தம்பி அதே ஆலையில் பம்ப் ஃபிட்டர். வாயாடி. கையில் எப்போதும் ஸ்பானர் இருப்பதால் பெயரே ஸ்பானர் ஆகிவிட்டது. அவனைத் தனியாக அழைத்துப் போய் மூக்கர் விஷயத்தைச் சொன்னார். அவன் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தான்.

"சிரிக்காதே மாப்ளே. உன் மூக்கை எனக்குக் கொஞ்சம் கடன் கொடு."

"கழட்டியா மச்சான் தர முடியும்?"

"பக்கத்துல நில்லு, போதும். நாத்தம் வந்தா இடது காதைச் சொறி. நான் பாத்துக்கிறேன்."

அப்படியே நடந்தது. பச்சைத் தொப்பியோடு மூக்கர் பம்ப் அறை வாசலில் நின்று, கண்ணை மூடி, தலையைப் பின்னால் சாய்த்து, ஆழமாக இழுப்பார். பிறகு ஒரு கண்ணை மட்டும் லேசாகத் திறந்து மச்சினன் காதைப் பார்ப்பார். கை காதுக்குப் போனால் "பொறுங்க, ஏதோ இருக்கு" என்பார். போகவில்லையென்றால் "போகலாம்." ஏற்பாடு பிசகில்லாமல் ஓடியது. மூக்கரின் மூக்கு முன்பைவிடக் கூர்மையாகிவிட்டது என்றுகூடச் சிலர் சொன்னார்கள். பதிலுக்கு அவர் ஸ்பானருக்கு வசதியான ஷிப்ட் வாங்கிக் கொடுத்தார். இருவருக்கும் இது விளையாட்டு போலவே ஆகிவிட்டது. அக்காவிடம் மட்டும் இரண்டு பேரும் மூச்சு விடவில்லை.

ஒருநாள் தலைமை அலுவலகத்திலிருந்து இயக்குநர்கள் வந்தார்கள். கருவிகளை ஏன் பொருத்தவில்லை என்று அங்கே யாரோ கேட்டுவிட்டார்களாம். டார்கெட் அசரவில்லை. அவர்களை நேராகப் பம்ப் அறைக்கே கூட்டிக்கொண்டு வந்தார். ஒரு அமோனியா பம்பில் கசிவைத் தடுக்கும் 'சீல்' வளையத்தை மாற்ற வேண்டியிருந்தது. அதை அவர்கள் கண்ணெதிரே செய்து காட்டி, தன்னிடம் இருக்கிற மூக்கின் பெருமையை நிலைநாட்டிவிடலாம் என்பது திட்டம்.

"கருவி கெட்டுப்போகும் சார். கரண்ட் போனா நிக்கும். இவர் நிக்க மாட்டார்" என்று மூக்கரை முன்னால் தள்ளினார். மூக்கர் பச்சைத் தொப்பியை நேராக்கிக்கொண்டார்.

அன்றைக்குப் பார்த்து ஸ்பானருக்குக் கடுமையான ஜலதோஷம். மூக்கு இரண்டு பக்கமும் அடைத்துக் கிடந்தது. அதைச் சொல்லத்தான் காலையிலிருந்து அலைந்துகொண்டிருந்தான்.

"மச்சான், ஒரு நிமிஷம் இங்க வாங்களேன்…"

"அப்புறம் மாப்ளே, அப்புறம். பெரியவங்க நிக்கிறாங்க பாரு."

"இல்ல மச்சான், விஷயம் என்னன்னா…"

மூக்கர் அவனை ஈயை விரட்டுவது போலக் கையசைத்து விரட்டினார். இயக்குநர்கள் முன்னால் ஒரு ஃபிட்டர் வந்து 'மச்சான்' என்று கூப்பிடுவது அவருக்குக் கௌரவக் குறைச்சலாக இருந்தது.

பிறகு கண்ணை மூடினார். தலையைச் சாய்த்தார். இழுத்தார். மூச்சு உள்ளே போகிற சத்தம் கடைசி வரிசை வரை கேட்டது. ஒரு கண்ணைத் திறந்து பார்த்தார். ஸ்பானர் தன் மூக்கைத்தான் துடைத்துக்கொண்டிருந்தான். காதுக்குக் கை போகவில்லை.

"காத்து சுத்தமா இருக்கு. போகலாம்."

பின்னால் நின்ற ஷிப்ட் இன்சார்ஜ் ஒரு பெண். கெட்டிக்காரி. அவள் மூக்கைச் சுளித்தாள். "சார், லேசா நாத்தம் வருது. வால்வு முழுசா மூடலையோ என்னவோ. இன்னொரு தடவை பாத்துடலாமே" என்றாள்.

"மூக்கரே சொல்லிட்டார், நீங்க என்னம்மா புதுசா?" என்றார் டார்கெட். ஒரு இயக்குநர் கைக்குட்டையை மூக்குக்குக் கொண்டு போனவர், இதைக் கேட்டதும் நெற்றியைத் துடைப்பது போல மாற்றிக்கொண்டார். எல்லோருக்கும் நாற்றம் அடித்தது. எல்லோரும் தங்கள் மூக்கின் மேலேயே சந்தேகப்பட்டார்கள். அடுத்தவன் மூக்கின் மேல் அப்படி ஒரு மரியாதை.

ஸ்பானர் முகமூடியை எடுத்தான். "அது எதுக்குப்பா? விருந்தாளிங்க பாக்கிறாங்க. பயந்துக்கப் போறாங்க" என்று டார்கெட் சிரித்துக்கொண்டே சொன்னார். வால்வு மூடித்தானே இருக்கிறது, என்ன ஆகிவிடப் போகிறது என்று அவனும் நினைத்தான். முகமூடியைக் கொக்கியில் மாட்டிவிட்டு உள்ளே போனான். சீலின் மூடியைத் தளர்த்தினான்.

வால்வு முழுதாக மூடியிருக்கவில்லை. வெள்ளைப் புகை சீறிக்கொண்டு வந்தது. ஸ்பானர் கைகளால் முகத்தைப் பொத்திக்கொண்டு அப்படியே முழங்காலிட்டு விழுந்தான்.

அப்புறம் நடந்ததைப் பார்த்தவர்கள் பல பேர் இருக்கிறார்கள். ஷிப்ட் இன்சார்ஜ் முகமூடியை மாட்டிக்கொண்டு உள்ளே பாய்ந்தாள். இன்னொரு ஃபிட்டர் அவளோடு போனான். இரண்டு பேருமாக அவனை இழுத்து வெளியே போட்டார்கள். மூக்கர் ஓடினார். உள்ளே இல்லை, வெளியே. காற்று எந்தப் பக்கம் வீசுகிறது, எந்தப் பக்கம் ஓடினால் பிழைக்கலாம் என்பது பாதுகாப்புப் பிரிவில் இருந்தவருக்குத் தெரியாதா? பச்சைத் தொப்பி போன வழியே இயக்குநர்களும் டார்கெட்டும் விழுந்தடித்துக்கொண்டு ஓடினார்கள். மைதானத்துக்கு முதலில் வந்து சேர்ந்தவர் மூக்கர்தான்.

அவர் மூச்சு வாங்கிக்கொண்டு நிற்கும்போது, அவருடைய மனைவி முதலுதவிப் பையோடு எதிர்த்திசையில் ஓடினாள். அவரைக் கடந்துதான் ஓடினாள். திரும்பிப் பார்க்கவில்லை.

தம்பியைத் தண்ணீர்க் குழாயின் அடியில் உட்கார வைத்து, அவன் கதறக் கதற இமைகளை விரலால் விரித்துப் பிடித்துத் தண்ணீரை விட்டுக்கொண்டே இருந்தாள். ஆம்புலன்ஸ் வந்து ஆட்கள் விலகச் சொன்ன பிறகும் கையை எடுக்கவில்லை. அதனால்தான் கண்கள் பிழைத்தன என்று பெரிய ஆஸ்பத்திரி டாக்டர் சொன்னார். வலது கண் தேறிவிடும். இடது கண்ணில் பால் படிந்தது போல ஒரு மறைப்பு தங்கிவிட்டது. தொண்டை வெந்திருந்தது. பேச்சு வர நாளாகும்; வந்தாலும் பழைய குரல் வராது என்றார்கள்.

விசாரணை நடந்தது. அறிக்கையும் வந்தது. காற்றின் திசை எதிர்பாராமல் மாறியதே விபத்துக்குக் காரணமாம். காற்றைப் பிடித்து விற்கிற ஆலை, காற்றின் மேலேயே பழியைப் போட்டது. அதோடு விடவில்லை. ஆபத்தான வேளையில் நிதானம் இழக்காமல் விருந்தினர்களைப் பத்திரமான இடத்துக்கு வழிநடத்திச் சென்றதற்காக மூக்கருக்குப் பாராட்டுச் சான்றிதழ் வழங்கப்பட்டது. இயக்குநர்களே கையெழுத்துப் போட்டிருந்தார்கள். அவர் முதுகைப் பார்த்துக்கொண்டே ஓடிப் பிழைத்தவர்கள் அல்லவா?

அந்தச் சான்றிதழ்தான் மூக்கருக்குத் தாங்கவில்லை. நேராக டார்கெட் அறைக்குப் போனார்.

"சார், எனக்கு மூக்கு வேலை செய்யாது."

"யாருக்குத்தான் எல்லா நாளும் செய்யுது? விடுங்க."

"எந்த நாளும் செய்யாது சார். காய்ச்சல் வந்ததுல இருந்தே. மச்சினன் காதைப் பாத்துத்தான் சொல்லிட்டிருந்தேன்."

டார்கெட் எழுந்து போய்க் கதவைச் சாத்தினார். "இதை வேற யார்கிட்டயாவது சொன்னீங்களா?"

"என் சம்சாரத்துக்கு மட்டும் மூக்கு விஷயம் தெரியும்."

"நல்லது. அதோட நிறுத்திக்கோங்க. செத்த மூக்கை வச்சுக்கிட்டு இத்தனை நாள் ஆலையை ஓட்டினேன்னு நான் மேல போய்ச் சொல்லணுமா? உங்க மூக்கு உங்க சொந்த விஷயம் இல்லை. அது கம்பெனி சொத்து."

"செத்துப்போச்சு சார்."

"கம்பெனி சொல்ற வரைக்கும் சாகலை. போய் வேலையைப் பாருங்க."

மூக்கர் தொழிலாளர்களிடம் போய்ச் சொன்னார். "என்னை நம்பாதீங்கப்பா, எனக்கு ஒண்ணும் தெரியாது" என்றார். அவர்கள் ஒருவரையொருவர் பார்த்துத் தலையாட்டிக்கொண்டார்கள். "பாத்தியா, எவ்வளவு பெரிய மனுஷன், எவ்வளவு அடக்கம்!" என்றார் ஒருவர். முழுப் பூசணிக்காயைச் சோற்றில் மறைத்தவர், இப்போது அதைத் தோண்டி எடுத்துக் காட்டினாலும் பார்க்க ஆளில்லை.

வீட்டில் மனைவி பேசவில்லை. ஒரே ஒரு தடவை பேசினாள். தம்பியைக் கூட்டி வந்து வீட்டில் படுக்க வைத்த அன்று. காதைச் சொறிகிற கதை அதற்குள் அவளுக்குத் தெரிந்துவிட்டிருந்தது.

"மூக்கு செத்தா யாரும் குறை சொல்ல மாட்டாங்க. அது உங்க தப்பு இல்லை. 'தெரியாது'ன்னு ஒரு வார்த்தை. அதைச் சொல்ல உங்களுக்கு வாய் வரலையே?"



மறுவாரம் பம்ப் அறையில் மறுபடி வேலை வந்தது. புது ஃபிட்டர் ஒருவர் கருவிப்பெட்டியோடு வாசலில் நின்றார். மூக்கர் கண்ணை மூடவில்லை, தலையைச் சாய்க்கவில்லை, மூச்சை இழுக்கவில்லை.

"போகலாமா?" என்று கேட்டார் ஃபிட்டர்.

"தெரியாது."

"என்னது தெரியாது?"

"போகலாமா வேண்டாமான்னு தெரியாது."

ஃபிட்டர் பெட்டியைக் கீழே வைத்துவிட்டார். மூக்கர் சொன்னால்தான் உள்ளே போகலாம் என்பது ஆலையின் சட்டம். சட்டம் போட்டவர்களே இப்போது ஓடி வந்தார்கள். டார்கெட் முதலில் சிரித்துப் பார்த்தார், பிறகு தோளில் கை போட்டார், பிறகு கத்தினார். மாதக் கடைசி வேறு.

"ஒரே ஒரு வார்த்தைதானேய்யா! சொல்லித் தொலையுங்களேன்!"

"தெரியாது சார்" என்றார் மூக்கர். அந்தச் சொல் அவருக்கு ருசித்துவிட்டது போலிருந்தது.

டார்கெட் வேறு மூக்கைத் தேடினார். தற்காலிக மூக்கர் பதவிக்கு அங்கே நின்றவர்களில் ஒவ்வொருவராகக் கூப்பிட்டார். அன்றைக்கு ஆலை முழுக்க ஜலதோஷம். ஒருவருக்குத் தும்மல், ஒருவருக்குச் சைனஸ், இன்னொருவருக்குப் பிறவியிலிருந்தே வாசனை தெரியாதாம். பத்து வருடமாக உணவுக்கூடத்தில் என்ன சமைக்கிறார்கள் என்று வாசலிலிருந்தே சொல்லி வந்த ஆள் அவர்.

ஷிப்ட் இன்சார்ஜ் முன்னால் வந்தாள். "சார், நீங்களே ஒரு தடவை மோந்து பாத்துச் சொல்லிடுங்களேன். நாங்க எல்லாரும் உள்ள போறோம்."

எல்லோரும் டார்கெட்டின் மூக்கைப் பார்த்தார்கள். அவர் அறை வாசல் வரை போனார். உள்ளே பம்பைப் பார்த்தார். கொக்கியில் தொங்கிய முகமூடியைப் பார்த்தார். திடீரென்று ஒரு மீட்டிங் ஞாபகம் வந்துவிட்டது. போகிற போக்கில், "ஸ்டோர்ல இருக்கிற பெட்டிகளைப் பிரிங்க" என்று சொல்லிவிட்டுப் போனார்.

கருவிகள் பொருத்தப்பட்டன. முதல் வாரம் ஒரே கூச்சல். இந்த மூலையில் கத்தும், அந்த மூலையில் கத்தும். எங்கெல்லாம் காற்று அருமையாக இருந்ததோ, அங்கெல்லாம் கத்தியது. ஆலையை நிறுத்தி இணைப்புகளை மாற்றினார்கள். அந்த மாதம் டார்கெட் எட்டவில்லை. அடுத்த மாதமும் எட்டவில்லை. மூன்றாம் மாதம் டார்கெட்டையே வேறு ஆலைக்கு மாற்றிவிட்டார்கள், பதவி உயர்வோடு.

மூக்கருக்கு ஒன்றும் ஆகவில்லை. கம்பெனி சொத்தை யாராவது வேலையை விட்டு நீக்குவார்களா? பச்சைத் தொப்பி இருந்தது, வேலைதான் இல்லை. பார்வையாளர்கள் வந்தால் மாப்பிள்ளை, பொண்ணு, தரகர் கதையைச் சொல்வார். இடையிடையே கருவி கத்தினால் பேச்சை நிறுத்திவிட்டு முதல் ஆளாக அவர்களை மைதானத்துக்கு அழைத்துப் போவார். அதில் அவருக்குத்தான் அனுபவம் அதிகம்.

மனைவி அவருக்கு ஒரு வேலை வைத்திருந்தாள். தம்பியின் கண்ணுக்குச் சொட்டு மருந்து போடுவது. நர்ஸ் வீட்டிலேயே இருக்கிறாள். ஆனாலும் நீங்கள்தான் போட வேண்டும் என்று சொல்லிவிட்டாள். காலையும் மாலையும் மூக்கர் கையைக் கழுவிக்கொண்டு ஸ்பானரின் தலைமாட்டில் உட்காருவார். அவன் கண்ணைக் காட்டுவான். பேச மாட்டான். டாக்டர் பேசக் கூடாது என்று சொன்ன காலம் வரை அது ஒரு சமாதானமாக இருந்தது. அந்தக் காலம் முடிந்து, அக்காவிடமும் அண்டை வீட்டாரிடமும் கரகரவென்று பேச ஆரம்பித்த பிறகும் மூக்கரிடம் பேசவில்லை.

ஒரு சாயங்காலம் வலது கண்ணில் சொட்டு விழுந்ததும் அவனே வாயைத் திறந்தான். தகரத்தைத் தரையில் இழுப்பது போல இருந்தது குரல்.

"அன்னைக்கு உள்ள விழுந்து கிடந்தப்ப நான் உங்களைக் கூப்பிட்டேன் மச்சான். கேட்டுச்சா?"

மூக்கர் போத்தலைப் பார்த்துக்கொண்டிருந்தார். கேட்கவில்லை என்று சொல்லியிருக்கலாம். அவ்வளவு சத்தத்தில் கேட்டிருக்காது என்று அவனே நம்பியிருப்பான்.

"கேட்டுச்சு" என்றார்.

ஸ்பானர் கூரையைப் பார்த்தான்.

"மூக்கு மட்டும்தான் செத்துப்போச்சுன்னு நெனச்சிருந்தேன்" என்றான்.

மூக்கர் துணியால் அவன் கன்னத்தில் வழிந்த மருந்தைத் துடைத்தார். பிறகு அடுத்த கண்ணைக் காட்டச் சொன்னார். ஸ்பானர் தலையைத் திருப்பிக் காட்டினான்.